வைஃபை டாங்கிளுக்கு டிரைவர் தேடுகிறீர்களா? பெட்டியை விடுங்கள், உள்ளே இருக்கிற சிப்பைப் பாருங்கள்

பழைய டெஸ்க்டாப்புக்கோ, உள்ளே இருந்த வைஃபை கார்டு போய்விட்ட லேப்டாப்புக்கோ யூஎஸ்பி வைஃபை டாங்கிள் ஒன்று வாங்கிச் செருகுகிறோம். பல நேரம் விண்டோஸ் 10, 11 இரண்டுமே அதைத் தானாக அடையாளம் கண்டு, டிரைவரையும் (டாங்கிளை இயக்க விண்டோஸுக்கு உதவுகிற சாஃப்ட்வேர்) தானே போட்டுக்கொள்ளும், ஒரு நிமிடத்தில் மூலையில் வைஃபை குறி வந்துவிடும். வந்துவிட்டதா? அப்படியே விட்டுவிடுங்கள், ஓடிக்கொண்டிருக்கிற டிரைவரைப் புதுப்பிக்க வேண்டும் என்று தேடிப் போக வேண்டாம். வராதவர்களுக்குத்தான் இந்தக் கட்டுரை.

வராதபோது பெரும்பாலானவர்கள் செய்வது இதுதான்: டாங்கிளின் பெயரோடு 'டிரைவர் டவுன்லோடு' என்று சேர்த்துத் தேடுவது, முதலில் வருகிற தளத்தைத் திறப்பது, பெரிதாகப் பச்சை நிறத்தில் தெரிகிற பட்டனை அழுத்துவது. அந்தப் பட்டன் பாதி நேரம் விளம்பரம். இறங்குகிற இஎக்ஸ்இ ஃபைல் டிரைவரே அல்ல, 'டிரைவர் அப்டேட்டர்' என்கிற வேறொரு சாஃப்ட்வேர். அது கணினியை ஸ்கேன் செய்வதுபோல் காட்டி, உங்கள் டிரைவர்கள் எல்லாம் பழையவை என்று சிவப்பு எழுத்தில் பயமுறுத்தி, பணம் கட்டச் சொல்லும். இது பரவாயில்லை என்கிற ரகம். மோசமான ரகத்தில் பிரவுசரில் சேமித்து வைத்த பாஸ்வேர்டுகளைத் திருடுகிற நிரல்கள் கூடவே ஏறும்.

டிரைவர் விஷயத்தில் நான் இவ்வளவு கறாராக இருப்பதற்குக் காரணம் உண்டு. நாம் சாதாரணமாகப் போடுகிற சாஃப்ட்வேர் ஓர் எல்லைக்குள் ஓடும். வைஃபை டிரைவர் அப்படி இல்லை, விண்டோஸின் உள்மையமான கெர்னலிலேயே ஓடுகிறது. அங்கே ஓடுகிற எதுவும் மெமரி முழுவதையும் பார்க்கலாம், ஆன்டிவைரஸையே முடக்கலாம். அதனால்தான் மைக்ரோசாஃப்ட் 64 பிட் விஸ்டா காலத்திலிருந்தே டிஜிட்டல் கையொப்பம் (யார் செய்தது, இடையில் யாரும் மாற்றவில்லை என்பதற்கான அத்தாட்சி) இல்லாத கெர்னல் டிரைவர்களை உள்ளே விடுவதில்லை. 2016-இல் வந்த விண்டோஸ் 10-இன் 1607 பதிப்போடு அதை இன்னும் இறுக்கி, புதிய டிரைவர்கள் மைக்ரோசாஃப்டிடமே கையொப்பம் வாங்கி வர வேண்டும் என்றாக்கியது. இந்தப் பூட்டு நமக்காகப் போட்டது. யூடியூபில் யாராவது 'டிரைவர் சிக்னேச்சர் என்ஃபோர்ஸ்மென்டை ஆஃப் பண்ணுங்க', 'மெமரி இன்டெக்ரிட்டியை ஆஃப் பண்ணுங்க', 'ஆன்டிவைரஸை அஞ்சு நிமிஷம் நிறுத்துங்க' என்று சொன்னால் அந்த வீடியோவை அங்கேயே மூடிவிடலாம். கடைகளில் கிடைக்கிற ஒரு சாதாரண வைஃபை டாங்கிளுக்கு இதில் எதுவுமே தேவைப்படாது.

சரி, வேலைக்கு வருவோம்.

முதல் வேலை: சிப் எது என்று கண்டுபிடிப்பது

டிரைவர் என்பது பெட்டியில் அச்சிட்ட பெயருக்கு அல்ல, உள்ளே இருக்கிற சிப்புக்கு. இது புரியாமல்தான் பலர் மணிக்கணக்கில் அலைகிறார்கள். டிபி-லிங்கின் டிஎல்-டபிள்யூஎன்722என் என்கிற டாங்கிளை எடுத்துக்கொள்ளுங்கள். ஆன்டெனாவோடு வருகிற, எல்லா ஊரிலும் விற்ற மாடல். அதன் முதல் பதிப்பில் ஏதெரோஸ் நிறுவனத்தின் ஏஆர்9271 சிப், இரண்டாம் பதிப்பிலிருந்து ரியல்டெக்கின் 8188 வகைச் சிப். வெளியே பார்த்தால் ஒரே உருவம், ஒரே பெயர். ஒன்றின் டிரைவர் இன்னொன்றுக்கு ஆகவே ஆகாது. இதனால் பிராண்டு டாங்கிள் வைத்திருப்பவர்கள் முதலில் அதைத் திருப்பி, பின்பக்க ஸ்டிக்கரில் பொடி எழுத்தில் 'வெர்' என்று போட்டு 1.0, 2.0, 3.0 என்று ஏதாவது இருக்கிறதா என்று பாருங்கள். நகம் அளவே இருக்கிற நானோ டாங்கிள்களில் கண்ணுக்கே தெரியாது, போன் கேமராவில் ஜூம் செய்து படிப்பதுதான் வழி. இல்லையென்றால் பெட்டியில் பார்க்கோடு பக்கத்தில் அதே பதிப்பு எண் இருக்கும், பெட்டியைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டிலும் ஆன்லைனிலும் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கிற, கம்பெனிப் பெயரே இல்லாமல் '802.11என்' என்று மட்டும் அச்சிட்ட டாங்கிள்களுக்கு இந்த வசதி கிடையாது. ஆனால் கவலை வேண்டாம், கணினியே சொல்லிவிடும்.

ஸ்டார்ட் பட்டன் மேல் ரைட் கிளிக் செய்து டிவைஸ் மேனேஜரைத் திறங்கள். டிரைவர் இல்லாத டாங்கிள் பெரும்பாலும் 'அதர் டிவைசஸ்' என்ற தலைப்புக்குக் கீழே மஞ்சள் முக்கோணத்தோடு உட்கார்ந்திருக்கும். '802.11என் என்ஐசி' என்று தெரிந்தால் அநேகமாக ரியல்டெக், '802.11என் டபிள்யூலேன்' என்று தெரிந்தால் அநேகமாக மீடியாடெக். ஊகத்தோடு நிற்க வேண்டாம். அதன்மேல் ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸ் போங்கள், 'டீட்டெய்ல்ஸ்' டேபைத் திறந்து, அங்கே கீழே விரிகிற பட்டியலில் 'ஹார்டுவேர் ஐடீஸ்' என்பதைத் தேர்ந்தெடுங்கள். இரண்டு வரி வரும். அதில் விஐடி என்று போட்டு நாலு இலக்கம், பிஐடி என்று போட்டு நாலு இலக்கம். முதலாவது தயாரிப்பாளர் யார் என்பது, இரண்டாவது எந்தப் பொருள் என்பது. உதாரணமாக விஐடி 2357 என்றால் டிபி-லிங்க், அதோடு பிஐடி 0120 என்று இருந்தால் அவர்களுடைய ஆர்ச்சர் டி2யூ ப்ளஸ், உள்ளே ரியல்டெக் சிப். விஐடி 0பிடிஏ என்று இருந்தால் நேரடியாக ரியல்டெக்கின் எண். 148எஃப் என்றால் ராலிங்க். ராலிங்க்கை 2011-இல் மீடியாடெக் வாங்கிவிட்டது, அதனால் மீடியாடெக்கின் 7601 சிப் போட்ட டாங்கிள்கள் இன்றும் அந்தப் பழைய எண்ணோடுதான் வருகின்றன. இரண்டு வரியில் சின்னதாக இருக்கிற இரண்டாவது வரியை ரைட் கிளிக் செய்து காப்பி எடுத்து நோட்பேடில் ஒட்டி வையுங்கள். இனி தேடப்போவது இந்த எண்ணை வைத்துத்தான்.

இங்கே ஒரு விஷயம், பலருடைய நேரத்தை மிச்சப்படுத்தும். விஐடி 0000, பிஐடி 0002 என்று வந்தால் டிரைவர் தேடுவதையே நிறுத்துங்கள். கணினி டாங்கிளிடம் 'நீ யார்' என்று கேட்டு அது பதிலே சொல்லவில்லை என்று அதற்கு அர்த்தம். இது போர்ட், ஹப், எக்ஸ்டென்ஷன் கேபிள் அல்லது டாங்கிளின் கோளாறு. டெஸ்க்டாப்பாக இருந்தால் முன்பக்க போர்ட்டை விட்டுவிட்டு, மதர்போர்டோடு நேராக இணைந்த பின்பக்க போர்ட்டில் செருகிப் பாருங்கள். அங்கேயும் அதே எண் வந்தால் வேறொரு கணினியில் செருகிப் பாருங்கள். அங்கேயும் அதேதான் என்றால் டாங்கிள் போய்விட்டது, கடைக்குத் திருப்பிக் கொடுங்கள்.

இன்னொரு வகை: செருகியதும் வைஃபைக்குப் பதில் ஒரு சிடி டிரைவ் தெரியும். பயப்பட வேண்டாம், புதிய ரியல்டெக் சிப் போட்ட டாங்கிள்கள் சில தங்கள் டிரைவரை உள்ளேயே வைத்துக்கொண்டு முதலில் சிடி போல வேடம் போடும், டிரைவர் ஏறிய பிறகுதான் வைஃபையாக மாறும். அந்தச் சிடியில் இருக்கிற செட்டப்பை உடனே ஓட்டாமல், 'திஸ் பிசி'யில் அதை ரைட் கிளிக் செய்து 'எஜெக்ட்' கொடுத்துப் பாருங்கள். பல டாங்கிள்கள் அதோடு உண்மையான உருவத்துக்கு மாறிவிடும், டிவைஸ் மேனேஜரில் ஐடியும் மாறும். மாறிய பிறகு வருகிற ஐடியைத்தான் குறித்துக்கொள்ள வேண்டும்.

நெட் இல்லாமல் டிரைவரை எப்படி இறக்குவது?

வைஃபைக்காகத்தான் டாங்கிள், டாங்கிளுக்கு டிரைவர் வேண்டும், டிரைவருக்கு நெட் வேண்டும். இந்தச் சுற்றிலிருந்து வெளியே வர எளிய வழி கையில் இருக்கிற ஆண்ட்ராய்டு போன்தான். டேட்டா கேபிளில் போனைக் கணினியோடு இணைத்து, போனின் ஹாட்ஸ்பாட் செட்டிங்கில் 'யூஎஸ்பி டெதரிங்' என்பதை ஆன் செய்யுங்கள். விண்டோஸுக்கு இதற்கென்று தனியாக எதுவும் இன்ஸ்டால் செய்யத் தேவையில்லை, கேபிள் போட்ட நெட் போல எடுத்துக்கொள்ளும். பெரும்பாலான போன்கள் வீட்டு வைஃபையில் இருக்கும்போதே அந்த நெட்டையும் கேபிள் வழியாகக் கொடுக்கும், மொபைல் டேட்டா கரையாது. டெதரிங் பட்டன் மங்கலாகவே இருந்தால் கேபிள் சார்ஜிங் மட்டும் செய்கிற ரகம், வேறு கேபிள் எடுங்கள். ஐபோனுக்கு ஆப்பிளின் ஆப் ஒன்றைக் கணினியில் போட வேண்டியிருக்கும், எனவே பக்கத்தில் யாரிடமாவது ஆண்ட்ராய்டு இருந்தால் அதையே கேளுங்கள்.

எங்கிருந்து எடுப்பது: இந்த வரிசையிலேயே போங்கள்

முதலில் விண்டோஸ் அப்டேட். போன் வழியாக நெட் வந்ததும் செட்டிங்ஸில் விண்டோஸ் அப்டேட் போய் 'செக் ஃபார் அப்டேட்ஸ்' கொடுங்கள். அதோடு நின்றுவிடாமல் 'அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ்' உள்ளே 'ஆப்ஷனல் அப்டேட்ஸ்' என்று ஒன்று இருக்கும், அதில் 'டிரைவர் அப்டேட்ஸ்' என்ற பகுதியைத் திறந்து பாருங்கள். புதியவர்கள் கண்ணில் படாமல் டிரைவர் ஒளிந்திருப்பது பெரும்பாலும் அங்கேதான். மொபைல் நெட்டை 'மீட்டர்டு கனெக்ஷன்' (டேட்டாவை அளந்து செலவழிக்கிற இணைப்பு) என்று வைத்திருந்தால் டிரைவர் இறங்காமல் நிற்கக்கூடும், டிவைஸ் செட்டிங்கில் மீட்டர்டு கனெக்ஷனிலும் டிரைவரை இறக்கலாம் என்பதற்கு ஒரு தனி பட்டன் உண்டு, அதை ஆன் செய்யுங்கள். பெரும்பாலான டாங்கிள்களுக்கு வேலை இங்கேயே முடிந்துவிடும்.

இரண்டாவது, தயாரித்த கம்பெனியின் சொந்தத் தளம். டிபி-லிங்க், டி-லிங்க், நெட்கியர், ஏசூஸ் போன்றவர்கள் எல்லாம் தங்கள் தளத்தில் 'சப்போர்ட்' பகுதியில் டிரைவர் வைத்திருக்கிறார்கள். தேடல் முடிவில் மேலே வருகிற விளம்பர இணைப்புகளை விட்டுவிடுங்கள், பிரவுசரில் கம்பெனியின் முகவரியை நீங்களே தட்டுங்கள். மாடலைத் திறந்ததும் பதிப்பு வி1, வி2, வி3 என்று கேட்கும், ஸ்டிக்கரில் பார்த்தது இங்கேதான் உதவும். பிறகு விண்டோஸ் 10-ஆ 11-ஆ என்பதைப் பாருங்கள். விண்டோஸ் 11-க்கு என்று தனியாக இல்லை, 10-க்குத்தான் இருக்கிறது என்றால் பெரும்பாலும் அதுவே ஓடும். ஏஆர்எம் ப்ராசசர் போட்ட புதிய லேப்டாப் என்றால் மட்டும் கவனம், சாதாரண 64 பிட் டிரைவர் அதில் ஏறாது, ஏஆர்எம்64 என்று தனியாகப் போட்டிருக்க வேண்டும். சிப் செய்கிற கம்பெனிகள் எல்லாச் சிப்புக்கும் பொதுமக்களுக்கு நேராக டிரைவர் தருவதில்லை. அதனால் 'ரியல்டெக் அஃபிஷியல் டிரைவர்' என்று விளம்பரப்படுத்துகிற வேறு பெயருள்ள தளங்களை நம்ப வேண்டாம்.

மூன்றாவதாக எனக்கு மிகவும் பிடித்த, ஆனால் புதியவர்களுக்குத் தெரியாத இடம்: மைக்ரோசாஃப்ட் அப்டேட் கேட்டலாக். விண்டோஸ் அப்டேட் வழியாகப் போகிற டிரைவர்கள் எல்லாம் தேடி எடுக்கக்கூடிய விதத்தில் அடுக்கி வைத்திருக்கிற மைக்ரோசாஃப்டின் சொந்தத் தளம். முகவரி மைக்ரோசாஃப்ட் டாட் காம் என்று முடிகிறதா என்று மட்டும் உறுதிசெய்துகொள்ளுங்கள். நோட்பேடில் வைத்த அந்த ஐடி வரியைத் தேடல் பெட்டியில் ஒட்டினால் அந்த டாங்கிளுக்கான டிரைவர்கள் வரிசையாக வரும். விண்டோஸ் பதிப்பு, தேதி, வெர்ஷன் எண், அளவு எல்லாம் பக்கத்திலேயே இருக்கும். உங்கள் விண்டோஸுக்கு உரியவற்றில் புதியதை எடுங்கள். பெயரே இல்லாத டாங்கிளுக்கு இதைவிடப் பாதுகாப்பான இடம் எனக்குத் தெரிந்து இல்லை. இறங்குவது சிஏபி ஃபைலாக இருக்கும். டபுள் கிளிக் செய்தால் ஃபோல்டர் போலத் திறக்கும், உள்ளே இருப்பதை எல்லாம் தேர்ந்தெடுத்து ஒரு புதிய ஃபோல்டருக்கு எடுத்துப் போடுங்கள்.

டாங்கிளோடு வருகிற குட்டி சிடியைப் பற்றிக் கேட்பீர்கள். அதில் இருப்பது பெரும்பாலும் பழைய டிரைவர், பல வருடத்துக்கு முந்தியது. பெயரில்லாத டாங்கிளோடு வந்த சிடியை நான் தொடவே மாட்டேன். கூகுள் டிரைவ் இணைப்பு, டெலிகிராம் குழுவில் யாரோ போட்ட ஜிப் ஃபைல், பாஸ்வேர்டு போட்ட ஆர்ஏஆர் ஃபைல் இவையும் வேண்டாம். ஜிப்புக்குப் பாஸ்வேர்டு போடுவதே ஆன்டிவைரஸ் உள்ளே எட்டிப் பார்க்கக் கூடாது என்பதற்காகத்தான் பல நேரம்.

இன்ஸ்டால் செய்வதற்கு முன்

ஸ்டார்ட் மெனுவில் 'கிரியேட் எ ரிஸ்டோர் பாயின்ட்' என்று தேடி ஒரு ரிஸ்டோர் பாயின்ட் போட்டு வையுங்கள், ஏதாவது கெட்டுப்போனால் கணினியை இந்த நிலைக்கே திருப்பலாம். சி டிரைவுக்கு 'ப்ரொடெக்ஷன்' ஆஃப் ஆகியிருந்தால் ஆன் செய்துவிட்டுப் போடுங்கள். இரண்டு நிமிட வேலை, நீலத் திரை வந்தால் இதுதான் காப்பாற்றும்.

அப்புறம் கையொப்பம். இறக்கிய ஃபைல் இஎக்ஸ்இ என்றால் ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், 'டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்' டேப். அங்கே கம்பெனியின் பெயர் இருக்க வேண்டும். டேபே இல்லையென்றால் ஓட்டுவதற்கு முன் நிறுத்தி யோசியுங்கள், பல ஆன்டிவைரஸ்களால் ஒரே நேரத்தில் சோதித்துச் சொல்கிற வைரஸ்டோட்டல் தளத்தில் ஏற்றிப் பாருங்கள். அது சுத்தம் என்று காட்டுவது நல்ல அறிகுறிதான், ஆனால் கையொப்பத்துக்கு ஈடாகாது. ஃபோல்டராக வந்த டிரைவரில் மூன்று வகை ஃபைல்களைப் பார்ப்பீர்கள்: எஸ்ஒய்எஸ் என்பதுதான் டிரைவர், ஐஎன்எஃப் என்பது எந்த ஐடிக்கு அதைப் போட வேண்டும் என்று விண்டோஸுக்குச் சொல்கிற குறிப்பு, சிஏடி என்பது கையொப்பம். சிஏடி ஃபைலின் ப்ராப்பர்ட்டீஸில் 'மைக்ரோசாஃப்ட் விண்டோஸ் ஹார்டுவேர் கம்பேட்டிபிலிட்டி பப்ளிஷர்' என்று இருந்தால் கண்ணை மூடிக்கொண்டு போடலாம். ஐஎன்எஃப் வெறும் எழுத்து ஃபைல்தான், நோட்பேடில் திறந்து உங்கள் பிஐடி எண்ணைத் தேடினால் அது உள்ளே இருக்கிறதா என்று தெரிந்துவிடும். இல்லையென்றால் அது உங்கள் டாங்கிளுக்கான டிரைவர் அல்ல. இந்த ஒரு சோதனை போதும், தவறான டிரைவரை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்க்கிற வேலையே இருக்காது.

போடுவது

இஎக்ஸ்இ என்றால் ஓட்டிவிட்டு, 'டிரைவர் ஒன்லி' என்று தேர்வு இருந்தால் அதையே கொடுங்கள். கம்பெனியின் தனி வைஃபை யூட்டிலிட்டி தேவையில்லை, விண்டோஸின் சொந்த வைஃபை பட்டியல் போதும். சில இன்ஸ்டாலர்கள் டாங்கிளைக் கழற்றி வைத்துவிட்டு ஓட்டச் சொல்லும், சொன்னபடி செய்யுங்கள்.

ஃபோல்டர் என்றால் டிவைஸ் மேனேஜரில் அந்த மஞ்சள் முக்கோணத்தை ரைட் கிளிக் செய்து 'அப்டேட் டிரைவர்', பிறகு 'பிரவுஸ் மை கம்ப்யூட்டர்'. ஃபோல்டரைக் காட்டுங்கள், 'இன்க்ளூட் சப்ஃபோல்டர்ஸ்' டிக் இருக்கட்டும், நெக்ஸ்ட். கையொப்பம் சரியாக இருந்தால் கேள்வி கேட்காமல் ஏறிவிடும். 'பப்ளிஷரை உறுதிசெய்ய முடியவில்லை' என்று சிவப்பில் எச்சரிக்கை வந்தால் இன்ஸ்டால் செய்யாமல் வெளியே வாருங்கள், வேறு இடத்தில் இருந்து எடுப்போம். பட்டியலிலிருந்து நீங்களே ஒரு டிரைவரைத் தேர்ந்தெடுக்கிற 'லெட் மீ பிக்' வழியைப் புதியவர்கள் தொட வேண்டாம், ஐடி பொருந்தாவிட்டாலும் விண்டோஸ் ஏற்றிவிடும்.

முடிந்ததும் டாங்கிளைக் கழற்றி மாட்டுங்கள், ஒரு ரீஸ்டார்ட் கொடுங்கள். அப்போதும் சரியாகவில்லையென்றால் ப்ராப்பர்ட்டீஸில் எரர் கோடு எண்ணைப் பாருங்கள். 28 என்றால் டிரைவர் ஏறவே இல்லை. 10 என்றால் ஏறியிருக்கிறது, ஆனால் கிளம்ப முடியவில்லை, அநேகமாக வெர்ஷன் சரியில்லை. 'அன்இன்ஸ்டால் டிவைஸ்' கொடுக்கும்போது டிரைவரையும் சேர்த்து நீக்குகிற டிக்கைப் போட்டு நீக்கிவிட்டு, கேட்டலாக்கில் ஒரு படி பழைய வெர்ஷனை எடுத்துப் போடுங்கள். 43 என்றால் முதலில் போர்ட்டை மாற்றுங்கள். நன்றாக ஓடிக்கொண்டிருந்தது, ஓர் அப்டேட்டுக்குப் பிறகு கெட்டுப்போனது என்றால் 'டிரைவர்' டேபில் 'ரோல் பேக் டிரைவர்' இருக்கிறது.

டிரைவர் மேல் பழி போடக் கூடாத இடங்கள்

வீட்டு ரவுட்டரின் 5 கிகாஹெர்ட்ஸ் பெயர் மட்டும் பட்டியலில் வரவில்லையா? டாங்கிள் 2.4 மட்டும் பிடிக்கிற ரகம். எந்த டிரைவராலும் இல்லாத ரேடியோவைக் கொண்டுவர முடியாது. '150', '300' என்று மட்டும் போட்ட மலிவு டாங்கிள்கள் அநேகமாக எல்லாமே இப்படித்தான்.

2.4-இல் வேகம் விழுந்து விழுந்து எழுகிறதா? பக்கத்து போர்ட்டில் யூஎஸ்பி 3.0 ஹார்டு டிஸ்க் இருக்கிறதா பாருங்கள். யூஎஸ்பி 3.0 எழுப்புகிற இரைச்சல் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையைக் கெடுக்கிறது என்று இன்டெலே 2012-இல் அறிக்கை வெளியிட்டிருக்கிறது. ஒரு சின்ன எக்ஸ்டென்ஷன் கேபிளில் டாங்கிளைத் தள்ளி வைத்தால் பெரிய வித்தியாசம் தெரியும். கொஞ்ச நேரம் சும்மா விட்டால் மட்டும் துண்டிக்கிறது என்றால் டாங்கிளின் ப்ராப்பர்ட்டீஸில் 'பவர் மேனேஜ்மென்ட்' டேபில் மின்சாரம் மிச்சப்படுத்த இதை அணைக்கலாம் என்கிற டிக்கை எடுத்துவிடுங்கள்.

லினக்ஸ் வைத்திருப்பவர்களுக்கு

இங்கே கதை வேறு, பல டிரைவர்கள் கெர்னலுக்குள்ளேயே வந்துவிடுகின்றன, இறக்க எதுவும் இல்லை. மீடியாடெக் 7601 சிப்புக்கு 2015-இல் வந்த 4.2 கெர்னலிலிருந்தே ஆதரவு இருக்கிறது, வைஃபை 6 தருகிற மீடியாடெக் 7921ஏயு சிப்புக்கு 5.18-லிருந்து. ரியல்டெக்கில்தான் இழுபறி, 8821சியு, 8822பியு போன்றவை 6.2 கெர்னலில்தான் உள்ளே வந்தன. ஆகவே உபுன்டுவோ மின்ட்டோ பழைய பதிப்பாக இருந்தால், கிட்ஹப் தளத்தில் கிடைக்கிற சோர்ஸ் கோடு ஃபைல்களை எடுத்துக் கம்பைல் செய்ய உட்காருவதற்கு முன் கெர்னலைப் புதுப்பித்துப் பாருங்கள். வெளியிலிருந்து டிரைவர் போட்டால், கையொப்பமில்லாததை ஏற்காத 'செக்யூர் பூட்' பாதுகாப்பு அதைத் தடுக்கக்கூடும், கெர்னல் மாறும்போதெல்லாம் திரும்பக் கம்பைல் ஆக வேண்டும், புதியவர்களுக்கு இது தொடர் தலைவலி. லினக்ஸுக்கென்றே டாங்கிள் வாங்கப் போகிறவர்கள் கடையில் மீடியாடெக் சிப் எது என்று கேட்டு வாங்குங்கள்.

எல்லாம் ஓடத் தொடங்கியதும் அந்த டிரைவர் ஃபோல்டரை அழிக்காமல், டாங்கிளின் ஐடியைப் பெயராக வைத்து ஒரு பென் டிரைவில் போட்டு வையுங்கள். அடுத்த முறை விண்டோஸைப் புதிதாக இன்ஸ்டால் செய்யும்போது போன், கேபிள், டெதரிங் எதுவும் வேண்டாம், நேராக 'அப்டேட் டிரைவர்' கொடுத்து அதைக் காட்டினால் போதும்.